சோதனைப் பால்

“இந்த வீட்ல மாடு இருக்காம்மா?”

மூன்று வருடத்துக்கு முன் அணுமின் நிலையத்து லேப்காரர் வாசலில் நின்று கேட்டபோது, சின்னவள் பதறிப்போய் “இல்லீங்க சார்” என்றுவிட்டாள். மாட்டைப் பிடித்துக்கொண்டு போய்விடுவார்களோ என்று பயம். கொட்டகையில் அது கத்தியதை இருமி மறைத்தாள்.

அவர் அடுத்த வீட்டுக்குப் போனார். அது அவள் ஓரகத்தி பெரியவளின் வீடு. நிலையத்தைச் சுற்றி முளைக்கும் புல்லைத் தின்கிற மாட்டின் பாலை மாதாமாதம் சோதிக்க வேண்டுமாம். அன்றோடு சின்னவளின் நிம்மதி போயிற்று.

மாதம் ஒருநாள் ஜீப் பெரியவள் வாசலில் வந்து நிற்கும். மறுநாள் குழாயடியில் அவளைச் சுற்றிக் கூட்டம்.

“ஏன்க்கா, நேத்து நிலையத்துல சங்கு ஊதுச்சே, என்னவாம்?”

“ஒத்திகைதான், பயப்படாதீங்க. என் பால் சுத்தமா இருக்குன்னு நேத்து வந்தப்பதான் சொன்னாங்க.”

‘என் பாலாம்! என்னமோ இவளே புல்லு தின்ன மாதிரி’ என்று சின்னவள் தன் குடத்திடம் முணுமுணுத்தாள். அந்த ஜீப் ஒரே ஒரு தடவை தன் வாசலில் நின்றால் போதும்.

இந்த மாதம் ஜீப் வந்தபோது பெரியவள் வீட்டில் இல்லை. சின்னவள் முந்திக்கொண்டாள்.

“சார், அக்கா மாடு இப்பல்லாம் புல்லே திங்கறதில்ல. வெளியூர் மூட்டைத் தீவனம்தான். எங்க மாடுதான் இங்கத்துப் புல்லு திங்குது.”

“உங்ககிட்ட மாடே இல்லன்னீங்களே?”

“அது... அப்புறம் வந்துச்சு சார்.”

அவர் சிரித்துக்கொண்டே நோட்டில் பெரியவள் பெயரைக் கோடு போட்டு அடித்தார். “வெளித் தீவனம்னா அந்தப் பால் எங்களுக்கு ஆகாது.”

கொட்டகையில் சின்னவள் நாற்காலியை முந்தானையால் துடைத்துப் போட்டாள். அவர் உட்கார்ந்தார். அவளுக்குத் தலைகால் புரியவில்லை.

“அவங்க எத்தனை நாளா தீவனம் போடறாங்க?”

“மழை விட்டதுலேர்ந்தே சார்! அக்கா புல்லு அறுக்கப் போறதே இல்ல.”

பின்பக்கம் நிழல் விழுந்தது. தலையில் புல்கட்டோடு பெரியவள் நின்றாள். சின்னவளுக்கு இடுப்புப் பிடித்துக்கொண்ட இந்தப் பத்து நாளும் இரண்டு மாட்டுக்கும் அவள்தான் புல் அறுத்து வந்தாள்.

கட்டை இறக்கினாள். பிரித்தாள். சரிபாதியை அள்ளிச் சின்னவள் மாட்டின் முன் போட்டாள். லேப்காரர் நோட்டைப் பார்த்தார், புல்லைப் பார்த்தார்.

“அக்கா, நான் சும்மா...”

பெரியவள் மீதிப் புல்லை மறுபடி கட்டித் தலையில் ஏற்றிக்கொண்டு, தன் கொட்டகைக்குப் போய்விட்டாள்.