உறுமாத கேஷியர்

எங்கள் நாய்க்கு நான் போட்ட விலை பூஜ்யம். இருபத்திரண்டு வருஷமாகப் பாத்திரக்கடை நடத்துகிறேன். ஒரு கரண்டியைக்கூட யாருக்கும் இலவசமாகக் கொடுத்தவனில்லை. ஆனால் கல்லாவுக்குப் பக்கத்திலேயே படுத்துக் கிடந்து ‘கேஷியர்’ என்று பேர் வாங்கிய நாயை, மச்சினனுக்குச் சும்மா தருவதாகப் போனில் சொல்லிவிட்டேன். அவன் கிடங்குக்குக் கடிக்கிற நாய்தான் வேண்டுமாம். ஆயுசுக்கும் சங்கிலிதான். சாயங்காலம் வண்டியோடு வருகிறான்.

காரணம், கேஷியர் என் மனைவியைக் கடித்துவிட்டது. குட்டியிலிருந்து ஊட்டி வளர்த்த கையில் நாலு தையல். அந்தக் கையை ஆட்டியே அவள் சொன்னாள்: “முதல்ல நாயை டாக்டர்கிட்ட காட்டுங்க. இல்லேன்னா என் தம்பி வண்டியில நானும் ஏறிடுவேன்.”

போனோம். டாக்டரம்மா நாயைத் தொடவே இல்லை. தரையில் பக்கவாட்டாக உட்கார்ந்து சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“பத்து நிமிஷம் ஆச்சுங்க. இன்னும் பார்க்கலையே?”

“பார்த்துக்கிட்டுதான் சார் இருக்கேன்.”

கேஷியர் தானாகவே கிட்டப் போய் மோந்தது. அவர் மெல்லத் தோளைத் தடவினார். கை இடது காதுப் பக்கம் நகர்ந்ததும், அது உதட்டை நக்கி முகத்தைத் திருப்பியது. சட்டென்று கையை எடுத்துக்கொண்டார்.

“வேணாம்னு சொல்லுது. அன்னிக்கு நீங்க எங்க தொட்டீங்கம்மா?”

“காதுக்குப் பின்னாடி சொறிஞ்சுவிட்டேன்.”

“உறுமலையா?”

நான் பெருமையாகக் குறுக்கே புகுந்தேன். “உறுமவே உறுமாதுங்க. கஸ்டமர் பயந்து எதிர்க்கடைக்குப் போறாங்கன்னு, உறுமும்போதெல்லாம் அதட்டி நிறுத்திட்டேன்.”

சொட்டை விழுந்த குடத்தைப் பார்ப்பதுபோல் என்னைப் பார்த்தார். “உறுமல்தான் சார் அது கொடுக்கிற நோட்டீஸ். நோட்டீஸே கூடாதுன்னுட்டீங்க. நேரா ஜப்திக்கு வந்துடுச்சு.”

என் மனைவி சிரித்தாள். கடிபட்ட பிறகு அதுதான் முதல் சிரிப்பு.

கடிக்காமலிருக்க மாட்டுகிற வாய்க்கூட்டுக்குள் கொஞ்சம் இறைச்சி விழுது தடவி நீட்டினார். கேஷியர் தானே மூக்கை நுழைத்தது. டார்ச்சைக் காதுப் பக்கம் கொண்டுபோக, அது முகம் திருப்பும்போதெல்லாம் டாக்டர் நிறுத்தினார். நாலாவது தடவை காதுக்குள் வெளிச்சம் போக விட்டது. உள்ளே செக்கச்செவேல் என்று வீங்கி, சீழ்.

“நாலு பேர் அமுக்கிப் பிடிச்சா ரெண்டு நிமிஷ வேலைங்களே?”

“இன்னிக்கு முடியும். வீட்டில பத்து நாளைக்கு, ரெண்டு வேளை சொட்டு மருந்து விடணுமே, அந்த நாலு பேரையும் கூட்டிட்டுப் போவீங்களா?”

மருந்துச் சீட்டுக்குக் கையை நீட்டினேன்.

சாயங்காலம் மச்சினன் சங்கிலியோடு இறங்கினான். “எங்க மாமா, கடிக்கிற நாய்?”

“அதுக்குக் காது வலிடா மாப்பிள்ளே. தர்றதா இல்லை. வண்டி காலியாப் போக வேண்டாம், ரெண்டு குக்கர் ஏத்திக்கோ.”

“சும்மாவா?”

“விளையாடுறியா?”

பத்து நாள் முடிந்து எண்ணிப் பார்த்தேன். மருந்து, இருபது வேளை. கடி, இல்லை. உறுமல், ஆறு. அந்த ஆறு தடவையும் மனைவி கையை எடுத்துக்கொண்டு காத்திருந்தாள், கேஷியர் தானாகவே திரும்பி வந்தது. பழக்க தோஷத்தில் நான் போட்ட அதட்டல், ஒன்று. அது இன்னும் என் பேரில் பாக்கி.