வாசம் வந்ததும் இறக்கவும்

1

இந்தக் கதை ஒரு சமையல் குறிப்பின் கடைசி வரியில் கிடைத்தது. தம்மடை செய்முறை அது. ரவை, முட்டை, சீனி, நெய், சுண்டக் காய்ச்சிய பால், ஏலக்காய் எல்லாம் கலந்து சட்டியில் ஊற்றி, அடியில் சிறுதீயும் மூடிமேல் கங்கும் வைத்துவிட்டு, "வாசம் வந்ததும் இறக்கவும்" என்று முடித்திருந்தார்கள். வாசம் தெரியாதவர் என்ன செய்வாராம் என்று குதர்க்கமாக நினைத்தேன். நினைத்த பாவத்துக்கு அஃப்சானா வந்து நின்றுவிட்டாள்.

2

ஏலக்காய் மணம் பேகம்பூர்த் தெருவையே தூக்கிய அந்த மதியத்தில் அஃப்சானா தன்

(அடித்துவிட்டேன். காய்ச்சலில் படுத்து எழுந்ததிலிருந்து மூன்று மாதமாக அவளுக்கு மூக்கு செத்துக் கிடக்கிறது. அவளுக்கு வராத மணத்தை நான் மட்டும் அனுபவிப்பது நியாயமில்லை.)

அவள் இதை யாரிடமும் சொல்லவில்லை, கணவன் பாரூக்கிடம்கூட. புகுந்த வீட்டில் அவளுக்கு இருந்த ஒரே பெயர் கைமணம். அது போனால் அடுப்படியும் கைவிட்டுப் போகும் என்று பயந்தாள். இன்றைக்கென்று பார்த்து நாத்தனார் ஆரிபா, நத்தத்திலிருந்து தன் மாமியார் வீட்டாரைக் கூட்டி வந்திருக்கிறாள். "எங்க மதினி தம்மடையத் தின்னு பாருங்க" என்று வழியெல்லாம் பெருமையடித்தாளாம்.

மணி பார்த்து இறக்கலாமே என்பீர்கள்.*

* கங்கின் சூடு ஒரு நாள் போல ஒரு நாள் இருக்காது. இடையில் திறந்தால் நடுவில் அமுங்கிவிடும். நானும் கேட்டுத்தான் எழுதுகிறேன். எனக்கு வெந்நீர் மட்டும்தான் வைக்கத் தெரியும்.

3

தண்ணீர் குடிக்க வந்த ஆரிபாவை அஃப்சானா மடக்கினாள்.

"செத்த நேரம் நில்லேன். வாசம் எப்புடி வருது?"

"என்னையவா கேக்குறீங்க? உங்க மூக்குக்கு முன்னாடி எங்க மூக்கெல்லாம் எம்மாத்திரம் மதினி?"

அஃப்சானா மூடிமேல் இருந்த கங்குகளைச் சும்மா கிளறினாள்.

முடிவு அ: தம்மடை கருகியது. (வேண்டாம். மறைத்ததற்குத் தண்டனை கொடுக்க நான் யார்?)

முடிவு ஆ: அந்த நொடியே மூக்கு திறந்தது. (இதை நானே நம்பமாட்டேன்.)

4

நான் இப்படி இழுத்தடிப்பதற்குள் அவளே சொல்லிவிட்டாள்.

"எனக்கு வாசமே தெரியல ஆரிபா. மூணு மாசமாச்சு."

ஆரிபா சொம்பைக் கீழே வைத்தாள். "தெரியும் மதினி."

"என்னது?"

"பெருநாளைக்கு அடிப்பிடிச்ச பால்ல பாயசம் வச்சீங்கள்ல? அம்புட்டுப் பேரும் குடிச்சோம். அண்ணே ரெண்டு கிளாஸ் வாங்கிக் குடிச்சுச்சு."

இதற்கு மேல் எனக்கு ஓடவில்லை. மூன்று மாதம் அவள் ஒருத்தியாகப் பயந்து செத்திருக்கிறாள். வீடே தெரிந்துகொண்டு வாய் திறக்காமல் இருந்திருக்கிறது. இப்போது ஆரிபாவைக் கட்டிக்கொண்டு அழுவாளா, "எல்லாருமாச் சேந்து என்னைய முட்டாளாக்கிட்டீங்களா?" என்று வெடிப்பாளா? இரண்டையும் எழுதிப் பார்த்துக் கிழித்தேன். தெரிந்தும் சொல்லாமல் இருப்பது பாசமா, பரிதாபமா? பாரூக் கேட்டு வாங்கிய அந்த இரண்டாவது கிளாஸை எதில் சேர்ப்பது?

உங்களுக்காக யாராவது அப்படிக் குடித்திருந்தால் நீங்கள்தான் சொல்ல வேண்டும். ஆனால் சீக்கிரம் சொல்லுங்கள். சட்டி இன்னும் அடுப்பில் இருக்கிறது, மூக்குள்ள ஆரிபாவும் அதை மறந்துவிட்டு நிற்கிறாள்.