சிகாமணி சொல்லாமல் விட்ட வார்த்தை

கேட்பவன் கேனையாக இருந்தால் கேப்பையில் நெய் வடிகிறது என்பார்கள். கேட்பவன் எப்பேர்ப்பட்ட புத்திசாலியாக இருந்தாலும் வடிய வைப்பான் தெய்வசிகாமணி. கள்ளக்குறிச்சியில் பஸ் ஏறினால் ஒரு மணி நேரத்தில், கல்வராயன் மலை தொடங்குகிற இடத்தில் ஏழுவாசல் கோட்டை வரும். ராஜா இருந்து ஆண்ட ஊராம். வாசல் இப்போது மூன்றுதான் நிற்கிறது. அதிலும் ஒன்றில் ஆடு கட்டுகிறார்கள். அந்த இடிபாட்டைச் சுற்றிக் காட்டித்தான் சிகாமணி பதினெட்டு வருஷமாகப் பிழைத்து வந்தான். கையில் ஒரு பிரம்பு, தோளில் சிவப்புத் துண்டு, சட்டையில் ‘கைடு’ என்று அவனே எழுதிக் குத்திக்கொண்ட தகர வில்லை.

அவன் சொன்ன சரித்திரத்தில் முக்கால்வாசி அவன் கட்டியது. ஆனால் ஒன்று, கட்டியதை மாற்ற மாட்டான். முதல் வாசலில் ஆரம்பித்தால் வாய்ப்பாடு மாதிரி வரும். நடுவில் யாராவது தும்மிவிட்டால் அந்த வரியைத் தலையிலிருந்து மறுபடி எடுப்பான். வாய் தன்பாட்டுக்கு ஓடிக்கொண்டிருக்க, மனசு மத்தியானச் சாப்பாட்டை நினைத்துக்கொண்டிருக்கும்.

எண்பத்தொன்றாம் வருஷம் வரைக்கும் அந்தச் சுற்று சிறைக்கிணற்றில்தான் முடியும். கிணறு என்று பெயரே தவிரத் தண்ணீர் கிடையாது. பெரிய பாறை, நடுவில் ஆள் நுழைகிற அளவுக்கு ஒரு வட்டத் துளை, கீழே இருட்டு. குற்றவாளிகளைப் போடுகிற குழி என்பார்கள். அந்த வருஷம் வைகாசியில் சுற்றிப் பார்க்க வந்த ஒருவன் அதில் விழுந்தான். மூன்றாம் நாள் ஆஸ்பத்திரியில் செத்தான். அதற்கப்புறம் துளைக்குக் கம்பி போட்டு மூடினார்கள். சிகாமணியும் ராணி குளத்தோடு சுற்றை முடித்துக்கொண்டான். ஆள் எப்படி விழுந்தான் என்று போலீஸ் கேட்டபோது, “நான் அந்தப் பக்கமே கூட்டிக்கினு போறதில்லிங்க. அவனாத்தான் போயிருக்கான். பொண்டாட்டியோட சண்டயாம், மூஞ்சே சரியில்ல” என்று எழுதிக் கொடுத்தான். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தான். சோறும் ஒரு வருஷமாக மறைத்தபடிதான் இருந்தது.

எண்பத்திரண்டாம் வருஷம் வைகாசியில், ஒரு செவ்வாய்க்கிழமை, பத்தரை மணி பஸ்ஸில் ஒரே ஒரு ஆள் இறங்கினாள். இருபத்திரண்டு வயசு இருக்கும். நெற்றி வெறுமையாக இருந்தது. இடுப்பில் ஒரு மஞ்சள் துணியை முடிந்து செருகியிருந்தாள். வாசலில் சோடாக் கடை வைத்திருக்கும் காசிம் பீவியிடம் எதையோ கேட்டாள். பீவி கையை நீட்டிச் சிகாமணியைக் காட்டினாள்.

“முழுசா சுத்திக் காட்டணும்ணா” என்றாள் வந்தவள். “எல்லாருக்கும் எப்பிடிச் சொல்லுவீங்களோ அப்பிடியே சொல்லணும்.”

“ஒருத்தருக்கா? ஆளு சேரட்டும்மா.”

“சேராதுண்ணா. இன்னிக்கி நான் மட்டுந்தான்.”

வெயில் ஏறிக்கொண்டிருந்தது. காசிம் பீவி சோடா பாட்டிலைத் துடைத்தபடி, “சிகாமணி, உச்சிக்கு முன்னால எறக்கிக் கூட்டியாந்துடு. பொம்பளப் புள்ள” என்றாள். சிகாமணி சிரித்தான். ஊருக்கெல்லாம் பேய்க்கதை விற்கிறவன் அவன். அவனுக்கே விற்கப் பார்க்கிறாளே இந்தக் கிழவி.

முதல் வாசலில் பிரம்பை உயர்த்தினான். “வாங்க வாங்க! ஏழு வாசல், ஏழு அகழி, ஏழு தலைமுறை ஆண்ட ஊரு! செருப்பக் கையில எடுங்க, இது ராஜா நடந்த மண்ணு!”

அவள் அதற்கு முன்பே குனிந்து செருப்பைக் கழற்றியிருந்தாள். பழக்கப்பட்டவள் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டான்.

ஆனைக்கொட்டிலில் பன்னிரண்டு வளைவுகளையும் காட்டினான். “பன்னெண்டு ஆனைக்கும் பன்னெண்டு பேரு. கடைசி ஆனைக்கு மட்டும் பேரில்ல. ஏன்னு கேளுங்க!” என்று வழக்கம்போல நிறுத்தினான். இந்த இடத்தில் யாராவது ஏன் என்று கேட்பார்கள். இவள் கேட்கவில்லை. உதடு மட்டும் அசைந்தது. வெற்றிலை போடுகிறவளாக இருக்கும் என்று பார்த்தான். வாயில் ஒன்றும் இல்லை.

அடுத்தது தர்பார் மண்டபம். அவன் சரித்திரத்திலேயே சத்தியமான சங்கதி அது ஒன்றுதான். ஒரு மூலைத் தூணில் வாய் வைத்து மெல்லப் பேசினால் எதிர் மூலைத் தூணில் காது வைத்தவனுக்குத் தெளிவாகக் கேட்கும். அவளை அந்த மூலைக்கு அனுப்பினான். இவன் இந்த மூலையில் நின்று, தூணில் காதை வைத்தான்.

“எதையாச்சும் பேசும்மா!”

 கல்லுக்குள்ளிருந்து வந்தது. “இங்க ராஜா பேசினா அங்க ராணிக்குக் கேக்கும். புருசன் பொண்டாட்டி ரகசியத்த இந்தக் கல்லு காப்பாத்தாது, ஹஹ்.”

அது அவன் வாசகம். இன்னும் அவன் வாயைவிட்டு வராத, அடுத்து வரவேண்டிய வாசகம். குரல் அவளுடையதுதான், ஆனால் நிறுத்துகிற இடம் அவனுடையது. கடைசியில் தொண்டையில் ஒரு கனைப்புச் சிரிப்பு வருமே, அதுவும் அவனுடையது. சிகாமணி தூணிலிருந்து காதை எடுத்துவிட்டான்.

“முன்னாடி வந்திருக்கியாம்மா?” என்றான் அவள் கிட்டே வந்ததும்.

“இல்லண்ணா. கேட்டிருக்கேன்.”

“யாரு சொல்லிக் கேட்ட?”

“எங்க வூட்டுக்காரரு. மூங்கில்துறைப்பட்டு சக்கரை ஆலையில வேல பாத்தாரு. இருசப்பன்னு பேரு. எம் பேரு செவ்வந்தி.”

அந்தப் பெயரை அவன் ஒரு முறைதான் எழுதியிருக்கிறான், ஸ்டேஷனில்.  திரும்பிப் போய்விடலாம் என்று கால் சொன்னது. ஆனால் அவள் நகரவில்லை. “சொல்லுங்கண்ணா, அடுத்தது நெல்லுக் களஞ்சியம்” என்றாள்.

களஞ்சியத்தில் அவன் வாய் திறந்தான், அவளும் கூடவே சொன்னாள். ராணி குளத்துக்கு இறங்கும் படிக்கட்டில் அவன் ஒரு வரியை மறந்தான், அவள் எடுத்துக் கொடுத்தாள். வெயிலில் அவர்கள் நிழல் காலடிக்கு வந்துவிட்டது. காக்கை குருவி சத்தம் இல்லை. பதினெட்டு வருஷம் இந்த இடிபாட்டில் நடந்தவனுக்கு அன்றைக்குத்தான் அது பாழூர் என்று உறைத்தது. இரண்டு பேர் நடக்கிற இடத்தில் மூன்றாவது ஆள் ஒருவன் பின்னாலேயே கதை கேட்டுக்கொண்டு வருகிற மாதிரி இருந்தது. திரும்பிப் பார்க்கத் தைரியம் வரவில்லை.

குளக்கரையில் பிரம்பைக் கீழே போட்டான். “அவ்வளவுதாம்மா. முடிஞ்சிது.”

“முடியலண்ணா.” அவள் சிறைக்கிணற்றுப் பாறைப் பக்கம் திரும்பி நின்றாள். பிரம்பு பிடிக்கிற மாதிரி வலது கை உயர்ந்தது. “இந்தக் குழியில கடசியா போட்டது ஒரு பாட்டுக்காரன. ஆறு நாளு சோறில்ல, தண்ணியில்ல, உள்ளாறருந்து பேசிக்கினே இருந்தான். ஏழாம் நாளு ராஜாவே வந்து குனிஞ்சி காத வச்சாரு. பாட்டுக்காரன் ஒரே வார்த்த சொன்னான். அதக் கேட்ட ராஜா அன்னிக்கே ஊர வுட்டுப் போனாரு. அந்த வார்த்த இன்னான்னா...”

அங்கே நிறுத்தினாள். கை கீழே வந்தது.

“மூணு நாளு, ஆஸ்பத்திரியில. மண்டையில அடி, கண்ணு தெறக்கல. வாயி மட்டும் நிக்கல. மொத வாசல்லருந்து ஆரம்பிப்பாரு. இங்க வந்து நிப்பாரு. மறுபடியும் வாங்க வாங்கன்னு மொதல்லருந்து. அடிபட்ட மூள ஒளறுதுன்னுட்டாங்க. செத்த பெறவும் நிக்கலண்ணா. பொழுது சாய்ஞ்சா எங்க வூட்டுச் செவுத்துல கேக்குது. இன்னான்னா, இன்னான்னான்னு.”

சிகாமணி படியில் உட்கார்ந்துவிட்டான்.

“அன்னிக்கிக் காலையில நாந்தான் கத்தினேன்” என்றாள் செவ்வந்தி. “மலையிலேருந்து எங்கண்ணன் வர்ற நாளு. இவரு கூட்டாளிங்களோட சுத்திப் பாக்கக் கெளம்பினாரு. போ, போயி அங்கியே கெடன்னு சொல்லிட்டேன். சண்டயில மனசொடிஞ்சி விழுந்தாருன்னு நீங்க எழுதிக் குடுத்தீங்களாம். ஊரு முழுக்க அதுதான் பேச்சு. எம் மாமியா எம் மொகத்துல முழிக்கிறதில்ல. நானும் அப்பிடித்தான் நம்பிக்கினு இருக்கேன். நாந்தான் கொன்னேன்னு.” இடுப்பிலிருந்து மஞ்சள் துணியை எடுத்தாள். “வெளிய செத்தவங்கள, விழுந்த எடத்துக் கல்ல எடுத்து வூட்டுக்கு அழச்சிக்கினு போவோம், எங்க வகையறாவுல. ஆனா, எதனால செத்தாங்கன்னு சொல்லி அழச்சாத்தான் வருவாங்க. பொய் சொன்னா வரமாட்டாங்க. எனக்குத் தெரியலண்ணா. ஒங்களுக்குத்தான் தெரியும்.”

இல்லை என்று இன்னொரு முறை சொல்லிவிடலாம். பதினெட்டு வருஷம் பொய் சொன்ன வாய்க்கு அது ஒரு சுமையா? தண்டனை, தொழில், வில்லை, எல்லாம் அவன் கண்முன் வந்து போயின. வாயைத் திறந்தான். பொய் வரவில்லை. நீ போய்த் தொலை, நான் பேசுகிறேன் என்று யாரோ அந்தப் பொய்யை உள்ளே தள்ளிய மாதிரி, நடந்ததுதான் வந்தது.

“மத்தவனுங்கல்லாம் கொளத்துல எறங்கிட்டானுங்க. ஒம் புருசன் மட்டுந்தான் கததான் முக்கியம்னு எங்கூட வந்தான். இந்தப் பாறையிலதான் சொன்னேன். இன்னான்னா-ன்னு நிறுத்திட்டு, அத நான் சொல்லக் கூடாது, உச்சி நேரத்துல நீயே காத வச்சிக் கேளுன்னு சொல்லுவேன். எல்லாருக்கும் அப்பிடித்தாம்மா. குனிவாங்க, ஒண்ணும் கேக்காது, சிரிச்சிட்டுப் போவாங்க. முந்தின நாளு மழ. பாறையில பாசி. நான் திரும்பிப் பீடி பத்த வச்சிக்கினு இருந்தேன். பிடிக்கிற தூரந்தான்.”

“அந்த வார்த்த?”

“வார்த்தன்னு ஒண்ணுமே கெடையாது. நான் கட்டினது. முடிவு கட்டத் தெரியாம அப்பிடியே வுட்டுட்டேன்.”

செவ்வந்தி அழவில்லை. “சண்டன்னு அவருதான சொல்லியிருக்கணும்? இன்னா சொன்னாரு?”

இதைத்தான் சிகாமணி ஒரு வருஷமாக யாரிடமும், தன்னிடமும் கூடச் சொல்லவில்லை. அவன் எழுதிக் கொடுத்த பொய்க்கு விதை அந்தப் பேச்சுதான்.

“சிரிச்சிக்கினே சொன்னாம்மா. ‘எம் பொண்டாட்டி கோவமா இருக்கா. காலையில சண்ட. அவளுக்குக் கதன்னா உசுரு. முழுசாக் கேட்டுக்கினு போய்ச் சொன்னா சிரிச்சிடுவா’ன்னான். சொல்லிட்டுக் குனிஞ்சான்.” சிகாமணி பாறையைப் பார்த்தான். “ஒளறலம்மா அது. ஆஸ்பத்திரியில மூணு நாளும் ஒனக்குத்தான் கத சொல்லியிருக்கான். முடிவு இல்லாததால முடிக்க முடியல.”

அப்போதுதான் அவள் அழுதாள். வாயில் முந்தானையை வைத்துக்கொண்டு, சத்தம் வராமல், ரொம்ப நேரம் அழுதாள். அப்புறம் எழுந்து பாறையின் மேல் போய், கம்பிக்குப் பக்கத்தில் மண்டியிட்டாள். சிகாமணியைப் பார்த்தாள். அவனும் போய்ப் பக்கத்தில் குப்புறப் படுத்து, கம்பியில் முகத்தை வைத்தான். உள்ளே குளிர்ச்சியாக இருந்தது, பழைய மழைத் தண்ணீர் வாடை. பதினெட்டு வருஷத்தில் அவன் ஒரு முறையும் அங்கே காதை வைத்ததில்லை.

“தம்பி இருசப்பா,” என்றான். “கத அவ்வளவுதான்டா. அந்த வார்த்த இல்ல. நான் சொன்ன பொய்யால விழுந்த. ஒம் பொண்டாட்டியால இல்ல.”

செவ்வந்தி குனிந்தாள். “கோவத்துல சொன்னேன். அங்கியே கெடக்க வேணாம். கத நல்லா இருந்துது. வாங்க, வூட்டுக்குப் போலாம்.” பாறை விளிம்பில் ஒரு கூழாங்கல்லை எடுத்து மஞ்சள் துணியில் முடிந்தாள். எழுந்து, திரும்பிப் பார்க்காமல் நடந்தாள். மேடு பள்ளம் வருகிற இடங்களில் ஒரு நிமிஷம் நின்று, பின்னால் வருகிறவருக்கு வழிவிடுகிற மாதிரி ஒதுங்கினாள்.

வாசலுக்கு வந்ததும், “ஊர்ல வந்து சொல்லணும்ணா. எம் மாமியா கிட்ட, ஸ்டேசன்ல” என்றாள். சிகாமணி சட்டையிலிருந்த வில்லையைக் கழற்றிக் காசிம் பீவியின் சோடாப் பெட்டி மேல் வைத்தான். பீவி அவன் முகத்தைப் பார்த்தாள். 

பஸ்ஸில் கூட்டம். செவ்வந்திக்கு இரண்டு பேர் உட்காரும் சீட்டு கிடைத்தது. ஜன்னலோரத்தில் அந்த மஞ்சள் முடிச்சை வைத்துவிட்டு இவள் இந்த ஓரம் உட்கார்ந்தாள். சிகாமணி பக்கத்தில் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றான். கொஞ்ச தூரம் போனதும் அவள் ஜன்னல் பக்கம் சாய்ந்து, காதைக் கொடுத்தபடி இருந்தாள். பிறகு லேசாகச் சிரித்தாள்.

கண்டக்டர் நெருக்கியடித்துக்கொண்டு வந்தான். “இன்னாய்யா, ஜன்னலோரம் சீட்டு காலியா இருக்குது, நடுவுல நின்னுக்கினு வழிய மறிக்கிற? போய் உக்காரு.”

பதினெட்டு வருஷம் இல்லாததையெல்லாம் இருக்கிறது என்று சொல்லிப் பிழைத்த தெய்வசிகாமணி, அந்தச் சீட்டைப் பார்த்தான்.

“ஆளு இருக்குதுப்பா” என்றான்.