ஒதுங்கியைக் கண்டவள்

அஸர் தொழுகைக்குப் பிறகு ஓட்டோ ஒன்று வாசலில் வந்து நின்றது. ஷிஹான் அப்போதுதான் தண்ணீர்த் தாங்கிக்கு மோட்டரைப் போட்டிருந்தான். நிஸ்மியாவும் அவளுடைய உம்மாவும் இறங்கினார்கள். அவன் மனைவி நஸீபா மௌத்தாகி, அடக்கம் செய்து நாலு மாதம். வருகிறவர்களை இருத்தவும், தேத்தண்ணி ஊற்றவும், கேட்கிறதுக்கு ஒரு சொல்லில் பதில் சொல்லவும் அவன் பழகியிருந்தான்.

நிஸ்மியா ஓட்டமாவடிக்காரி. நஸீபா பேஸ்புக்கில் எழுதிவந்த தொடர்கதைக்கு முதல் வாசகி, பிறகு சிநேகிதி. கதை நடக்கும் நாட்டுக்கு நீரடி என்று பெயர். களப்பும் தோணியுமாக உள்ள நாடு. அதன் வானத்தில் மற்ற வெள்ளிகளோடு சேராமல் மேற்கே தனியாக ஒரு நட்சத்திரம் நிற்கும். நீரடியார் அதை ஒதுங்கி என்பார்கள். அது எல்லார் கண்ணுக்கும் தெரியாது. ஒரு வருடத்துக்குள் மௌத்தாகப் போகிறவர் கண்ணுக்கு மட்டும் தெரியும். அதனால் அங்கே யாரும் வானத்தை விரல் நீட்டிக் காட்டுவதில்லை. மாப்பிள்ளை பெண்ணை மேற்கே பார்த்து இருத்துவதில்லை. பாய் இழைக்கிறவர்கள் ஓரத்தில் ஒரு பன்புல்லை இழைக்காமல் விடுவார்கள், அது ஒதுங்கியின் இடம். களப்பில் ஒருவன் வாய் தவறி அதன் பெயரைச் சொல்லிவிட்டால், மற்றவர்கள் பேசாமல் துடுப்பை உள்ளே எடுத்துவிடுவார்கள்.

ஷிஹான் பள்ளிக்கூடத்தில் விஞ்ஞானம் படிப்பிக்கிறவன். ஒரு வெள்ளி ஒருத்திக்குத் தெரிந்து, பக்கத்தில் நிற்கிறவனுக்குத் தெரியாமல் இருக்க வழியே இல்லை என்று ஆரம்பத்தில் சொல்லிப் பார்த்தான்.

"ஒங்கட பௌதிகத்த வகுப்புல வெச்சிட்டு வாங்க மச்சான். இது என்ட வானம்" என்றாள் நஸீபா.

அதோடு எழுத்துப்பிழை பார்ப்பவனாக மட்டும் நின்றுகொண்டான். அவள் ஒரு கொப்பியில் எழுதுவாள். அவன் சிவப்புப் பேனையால் திருத்துவான். அவள் இன்னொரு கொப்பியில் சுத்தமாகப் பார்த்தெழுதிய பிறகே போனில் அடிப்பாள்.

கடைசி அத்தியாயம் கொப்பியில் இருந்தால் தரும்படி கேட்கவே நிஸ்மியா வந்திருந்தாள். வாசகர்கள் காத்திருக்கிறார்களாம். தேடிப் பார்ப்பதாகச் சொன்னான். சாப்பாடு யார் ஆக்குவது என்று உம்மா விசாரித்தார். மாமி வீட்டிலிருந்து வரும் என்றான். பேச்சு அதோடு அறுந்தது. அந்த இடைவெளியை நிரப்பத்தான் நிஸ்மியா அதைச் சொல்லியிருக்க வேண்டும்.

"எங்களுக்கு நோன்புக்கு முதலே தெரியும்தானே சேர். எண்டாலும் செய்தி வந்த அண்டு நம்ப ஏலாமப் போய்த்து."

"என்ன தெரியும்?"

அவள் உம்மாவைப் பார்த்தாள். உம்மா கோப்பையைப் பார்த்தார்.

"தலைக்குள்ள நரம்பு ஊதியிருந்த கத. ஒங்களுக்குப் பிறகு சொல்லியிருப்பா எண்டுதான் நான் நினச்ச."

அதன் பிறகு அவன் ஒவ்வொன்றாகக் கேட்டு எடுத்தான். கொழும்பில் வாசகர் சந்திப்பு என்று இரண்டு பேரும் போனது ஸ்கேன் எடுக்க. அவனே பஸ் ஏற்றிவிட்டிருந்தான், வழியில் குமட்டிச் சத்தி வந்தால் மணந்து பார்க்க ஒரு தேசிக்காயும் வாங்கிக் கொடுத்து. வெட்டினாலும் பயம், விட்டாலும் பயம் என்றாராம் டொக்டர். அது நிஸ்மியாவுக்குத் தெரியும். வாசகர் குறூப்பில் பதினொரு பேருக்குத் தெரியும். அதில் ஒருத்தி கட்டாரில் இருக்கிறாள், நஸீபாவை நேரில் கண்டதே இல்லை. குசினி வாசலில் நஸீபா சரிந்த அன்று, தலைச்சுற்றாக இருக்கும் என்று அவள் தலையை மடியில் வைத்து விசிறிக்கொண்டிருந்தவனுக்கு மட்டும் தெரியாது.

"எனக்கு ஏன் சொல்லல்ல?"

"நானும் கேட்ட சேர்." நிஸ்மியாவின் குரல் இறங்கிவிட்டது. "கதையில ஒரு சட்டம் இரிக்கே, அதச் சொன்னா. எங்கட வீட்டுச் சட்டமும் அதுதான் எண்டா."

அவர்கள் போனபோது அவன் எழும்பவில்லை.

ஸ்கேனிலிருந்து மௌத்து வரை எட்டு மாதம். அந்த எட்டு மாதமும் பதினொரு பேர் இந்த வீட்டுக்குள் இருந்திருக்கிறார்கள். அவன் மீன் வாங்கி வந்தபோது, அவள் சிரித்தபோது, பெருநாளைக்குச் சேட்டு எடுத்துப் போட்டுக்காட்டியபோது எல்லாம் அவர்கள் இருந்திருக்கிறார்கள். அவன்தான் வெளியே நின்றிருக்கிறான். அலுமாரியைத் திறந்தான். கொப்பிகளைக் கொடுக்கக் கூடாது, ஒன்றையும் மிச்சம் வைக்காமல் கிழிக்க வேண்டும் என்று இருந்தது.

முதலில் அந்தச் சட்டத்தைத் தேடினான். அந்தப் பக்கத்தில் நோன்புக்கு முந்திய கிழமையின் திகதி போட்டிருந்தது.

'ஒதுங்கியைக் கண்டவள் அதை வீட்டுக்கு வெளியே உள்ளவர்களிடம் சொல்லலாம். புருஷனிடம் சொல்லக் கூடாது. சொன்னால் அவன் தொழிலுக்குப் போகாமல் வானத்தையே பார்த்துக்கொண்டிருப்பான். ஆனால் அவன் மூன்று தரம் கேட்டால், அவள் சொல்லியே ஆக வேண்டும்.'

கடைசி வரியைச் சிவப்புக் கோடு ஒன்று வெட்டியிருந்தது. ஓரத்தில் அவனுடைய கையெழுத்து: தேவையில்லை.

தவணைப் பரீட்சைத் தாள் திருத்திக்கொண்டிருந்த பின்னேரம் அது. கொப்பியைத் திருப்பிக் கொடுத்த பிறகும் அவள் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"அவன் கேட்டாலுமா மச்சான் சொல்லப்படா?"

"கேக்க மாட்டான்."

"கேட்டா?"

"அவனுக்கென்ன தெரியும், கேக்கிறத்துக்கு. வெட்டு புள்ள."

தாளிலிருந்து தலையை நிமிர்த்தியதாக அவனுக்கு நினைவில்லை. அவள் எவ்வளவு நேரம் நின்றாள் என்றும் தெரியவில்லை. கதையைத்தானே கேட்கிறாள் என்று இருந்தான். அவன் வாயாலேயே தீர்ப்பை வாங்கி, அவன் மேலேயே அதை நிறைவேற்றியிருக்கிறாள்.

பார்த்தெழுதிய கொப்பியை எடுத்தான். அதே அத்தியாயம், அவளுடைய உருண்ட எழுத்தில், பிழை இல்லாமல். வெட்டச் சொன்ன வரி அதில் இல்லை. அந்த வரி இருக்க வேண்டிய இடத்தில் ஒரு வரி இடத்தை எழுதாமல் விட்டுவிட்டு, அடுத்த வரியிலிருந்து தொடர்ந்திருந்தாள்.

கிழிக்க எடுத்த கை அதன் மேல் கிடந்தது.

"நஸீபா, ஒனக்கு என்ன செய்யிது?" என்று கேட்டான். ஒரு தரம்.

வெளியே தாங்கி நிரம்பி நெடுநேரம் ஆகியிருந்தது. தண்ணீர் சுவரில் வழிந்து, வாசல் மணலில் புதிதாக ஒரு வாய்க்கால் வெட்டிக்கொண்டு, ஓட்டோச் சில்லின் தடத்தை நிரப்பியபடி தெருவுக்குப் போய்க்கொண்டிருந்தது.