தாம்பாளத்தில் ஒரு நூல் ஜாஸ்தி

1

முதலில் உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கதை ஒரு பொய்யிலிருந்து பிறந்தது. செங்கம் ரோட்டில் ஒரு காபிக் கடையில் உட்கார்ந்திருந்தேன். பக்கத்து மேசை வெள்ளைக்காரப் பெண் முன்கையில் முக்கோணத்துக்குள் முக்கோணமாகப் பச்சை குத்தியிருந்தாள். வடிவங்களை வழிபடும் ரகசியச் சபை ஏதாவது இந்த ஊரில் உண்டா என்று கேட்டாள். இல்லை என்று சொல்லியிருக்கலாம். என் வாய் சும்மா இருக்காது. உண்டு என்றேன். நானும் சேரலாமா என்றாள். பரீட்சை இருக்கிறது என்றேன். நோட்டில் குறித்துக்கொண்டாள்.

மறுநாள் அவள் ஊருக்குப் போய்விட்டாள். பரீட்சை என்னிடம் தங்கிவிட்டது. சொன்ன பொய்க்கு ஆள் சேர்க்க வேண்டியது என் பொறுப்பாயிற்று.

2

முதல் தொடக்கம்: "மலையின் நிழல் எந்தக் கோணத்தில் விழுகிறதோ, அந்தக் கோணத்தில்தான் பிரபஞ்சத்தின்..."

(நிறுத்திவிட்டேன். பிரபஞ்சம் என்று எழுதினாலே எனக்குக் கொட்டாவி வருகிறது.)

இரண்டாம் தொடக்கம்: "சித்தர் தசரதன் தன் வெண்தாடியை நீவியபடி..."

(தாடியை எடுத்தேன். சித்தரையும் எடுத்தேன். மிஞ்சியவர் டைல்ஸ் ஒட்டும் தசரதன். வயது அறுபத்தொன்று. முப்பது வருடம் அடுத்தவர் வீட்டுத் தரையில் முட்டி போட்டதில் முழங்கால் இரண்டும் போய்விட்டன. இவரை எனக்குப் பிடித்திருக்கிறது.)

3

வட்டச் சபை ஒரு ஜெராக்ஸ் கடை மாடியில் கூடுகிறது. மொத்தம் ஒன்பது பேர். அவர்களுக்குக் கடவுள் என்றால் வட்டம். அதற்கு மேல் தத்துவம் கிடையாது. (இருந்தது, நான்கு பக்கம். எனக்கே புரியாததால் கிழித்துவிட்டேன்.) பௌர்ணமிதோறும் மலை சுற்றிவிட்டு வந்து, காலையில் ஆளுக்கொரு வட்டம் வெறுங்கையால் வரைவார்கள். அதை அழித்துவிட்டுச் சுண்டல் சாப்பிடுவார்கள்.

சபையில் சேர விரும்புகிறவர் சித்திரைப் பௌர்ணமி அன்று தரையில் வெறுங்கையால், சாக்பீஸில் ஒரு வட்டம் போட வேண்டும். அதன்மேல் சபையின் பித்தளைத் தாம்பாளத்தை, பேர் வெட்டிய பக்கம் மலையைப் பார்க்க, வைப்பார்கள். விளிம்பும் கோடும் பொருந்தினால் சேர்ந்தாயிற்று. வருடத்துக்கு ஒரு முறை, மொத்தம் ஏழு முறை. அதற்குப் பிறகு மாடிப்படியில் கால் வைக்கக் கூடாது.*

தசரதன் ஆறு முறை தோற்றவர். ஆறு வருடமும் கதவுக்கு வெளியே படியில் உட்கார்ந்து, உள்ளே நடக்கும் பேச்சில் பாதியைக் கேட்டு, சுண்டலில் பங்கு வாங்கிச் சாப்பிட்டவர். மனைவி போன பிறகு அவருக்கென்று இருக்கும் மனிதர்கள் அந்த ஒன்பது பேர்தான். நாளை ஏழாவது முறை.

* ஏழு முறையை எழுபதாக்கினால் என்ன என்று கேட்காதீர்கள். ஆக்கிப் பார்த்தேன். தசரதன் நிம்மதியாகிவிட்டார், கதை படுத்துவிட்டது.

4

சபைத் தலைவி சாயிரா பானு, ரவிக்கைக் கழுத்தைக் கோடு போடாமலே வெட்டுகிற தையல்காரர். பரீட்சைக்கு முந்தின நாள் தாம்பாளத்தைப் புளி போட்டுத் துலக்கும்போது விளிம்பில் ஓரிடத்தில் விரல் தடுக்கியது. கழுத்தில் கிடந்த டேப்பை எடுத்துக் குறுக்கே அளந்தார். பதினாறு அங்குலம். தட்டைத் திருப்பி இன்னொரு குறுக்கில் அளந்தார். பதினாறும் ஒரு நூலும், அதாவது எட்டில் ஒரு பங்கு அங்குலம் கூட. எப்போதோ கீழே விழுந்து விளிம்பு பிதுங்கியிருக்கிறது.

அப்படியானால் ஒன்பது பேரும் எப்படித் தேறினார்கள்? தாம்பாளத்தைக் காகிதத்தில் வைத்துச் சுற்றிக் கோடு போட்டு, வீட்டுக்குக் கொண்டுபோய் அதன்மேல் வரைந்து வரைந்து பழகியவர்கள் அவர்கள். பிதுக்கத்தோடு கை பழகிவிட்டது. தசரதன் மட்டும் ஆணி அடித்து, எட்டு அங்குலக் கயிறு கட்டி, சுற்றிப் பழகினார். தொழில் பழக்கம். ஆறு வட்டமும் ஒரே பக்கத்தில், ஒரே நூல் அளவில் தோற்றிருக்கின்றன.

5

சாயிரா பானு தாம்பாளத்தோடு படிக்கட்டுக்கு வந்தார். தசரதன் அங்கேதான் இருந்தார்.

"அண்ணா, தட்டு கோணலுண்ணா. உங்க வட்டம்தான் சரி."

"தெரியும் பானும்மா."

"எப்பலேர்ந்து?"

"ரெண்டாவது தபா தோத்தேனே, அப்பலேர்ந்து. ஒரு நூல் ஜாஸ்தி கம்மினா டைல்ஸ்காரன் கண்ணுக்குத் தெரியாதா?"

"இத்தனை வருஷம் படியில குந்திக்கினு... ஏண்ணா சொல்லல?"

தசரதன் முழங்காலைத் தடவிக்கொண்டார். "சொன்னா நீங்க ஒம்போது பேரும் தேறாதவங்கன்னு ஆயிடும். சபையைக் கலைச்சிடுவீங்க. அப்புறம் நான் எதுல போய் சேர்றது?"

(இந்த இடத்தில் இரண்டு நாள் எழுதவில்லை. அவருக்கு எதுவும் தெரியாது என்றுதான் நான் நினைத்திருந்தேன்.)

"அப்போ நாளைக்குக் கோணலா போட்டுடுங்களேன். யாருக்குத் தெரியப் போவுது?"

"வருமான்னு தெரியல. முப்பது வருஷமா நேரா ஒட்டின கை."

6

முடிவு ஒன்று: கோணலாகப் போடுகிறார். தட்டு பொருந்துகிறது. உள்ளே அழைத்து உட்கார வைக்கிறார்கள். அன்றைய சுண்டல் அவருக்குத் தொண்டையில் இறங்கவில்லை.

முடிவு இரண்டு: சரியாகப் போடுகிறார். சாயிரா பானு உண்மையைப் போட்டு உடைக்கிறார். ஒன்பது பேரும் எழுந்து வந்து அவரோடு படியில்...

(அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் அந்தப் படியில் பத்துப் பேர் உட்கார இடமில்லை. நானே எழுதிய படி, எனக்குத் தெரியாதா.)

முடிவு மூன்று: சாயிரா பானு ஒரு சுத்தியலை எடுத்து

வேண்டாம்.

7

காலை பத்து மணி. தசரதன் தரையில் முட்டி போட்டு, மூச்சைப் பிடித்து, ஒரே இழுப்பில் வட்டம் போட்டுவிட்டார். நேராகப் போட்டாரா கோணலாகப் போட்டாரா என்று நான் எட்டிப் பார்க்கவில்லை. பார்த்தால் எழுதிவிடுவேன். நானும் இத்தனை வருடமாக ஏதோ ஒரு தட்டை வைத்துத்தான் கதைகளை அளந்துகொண்டிருக்கிறேன். அது எங்கே பிதுங்கியிருக்கிறதோ, யார் கண்டது.

சாயிரா பானு தாம்பாளத்தை ஏந்திக்கொண்டு நிற்கிறார். உங்களைத்தான் பார்க்கிறார். வாங்கிக்கொள்ளுங்கள். வட்டத்தின்மேல் வைத்தாலும் சரி, வைக்காமல் சுண்டலைக் கொட்டிப் பத்துப் பேருக்கும் பரிமாறினாலும் சரி. எதுவானாலும் கொஞ்சம் சீக்கிரம் செய்யுங்கள். அவர் இன்னும் முட்டி போட்டபடியே இருக்கிறார். அந்த முழங்கால்களைப் பற்றித்தான் உங்களுக்குத் தெரியுமே.