இரண்டாம் தேதிப் பிறந்தநாள்காரர்

ஏப்ரல் இரண்டாம் தேதி காலை, ஓடென்ஸ ஆற்றங்கரைக் குட்டி நூலகத்தில், தபால்காரர் டோர்கில் கறுப்புக் கோட்டும் உயரத் தொப்பியுமாக முப்பது பிள்ளைகள் முன்னால் வந்து நின்றார். இந்த ஊரில் செருப்பு தைப்பவர் மகனாகப் பிறந்து, உலகத்துப் பிள்ளைகளுக்கெல்லாம் கதை எழுதிவைத்துவிட்டுப் போன மனிதரின் பிறந்தநாள். வருடாவருடம் அவராக வேடம் கட்டிய வாத்தியார், தன் மகளோடு இருக்க வேற்றூருக்குப் போய்விட்டார். "அவரோட உயரமும் மூக்கும் உனக்குத்தான்டா இருக்கு" என்று நூலகர் விபெக்க இவரைப் பிடித்துவிட்டாள். கூடப் படித்தவள், மறுக்க முடியுமா? அந்த மூக்கை வைத்துப் பள்ளிக்கூடத்தில் அவரை ஓட்டாத ஆள் கிடையாது. பிள்ளைகளும் நம்பாமல் சிரித்துவிட்டால் இனி இந்தப் பக்கமே தலைவைத்துப் படுப்பதில்லை என்ற முடிவோடு, பயந்துகொண்டேதான் வந்திருந்தார்.

பிள்ளைகள் சிரிக்கவில்லை. கையிலிருந்த குட்டிக் கொடிகளை ஆட்டிப் பிறந்தநாள் வாழ்த்துப் பாடினார்கள். பாடி முடித்ததும் எல்லாத் தலைகளும் காலி மேசைப் பக்கம் திரும்பின.

"கேக் எங்க?" என்றாள் முன்வரிசைச் சில்யெ.

விபெக்க டோர்கில் காதோரம் வந்தாள். "கொண்டு வரலியா?"

"நானா? நீ வாங்கியிருப்பேன்னு நினைச்சேன்!"

"நல்லாருக்கே! நம்ம ஊர்ல பிறந்தநாள்காரர்தானே கேக் கொண்டு வரணும்? தபாலாபீஸ்ல உன் பிறந்தநாளுக்கு யாருடா கேக் கொண்டு வருவா?"

"நான்தான். ஆனா இது என்..."

"அப்போ நீங்க அவரு இல்லியா?" சில்யெ எழுந்தே நின்றுவிட்டாள்.

டோர்கில் அவசரமாகத் தொப்பியைச் சரிசெய்துகொண்டார். "அவரேதான்மா. இந்த வயசுல மறதி வராதா? வாங்க, போய் வாங்கிட்டு வந்துடலாம்."

ரொட்டிக்கடை வாசல் இயந்திரத்திலிருந்து டோர்கில் வரிசை எண் போட்ட சீட்டு ஒன்றைக் கிழித்தெடுத்தார். பின்னாலேயே முப்பது பிள்ளைகளும் ஆளுக்கொன்று கிழித்தெடுத்தார்கள். வரிசையில் நின்றவர்கள் தலையிலடித்துக்கொள்ளாத குறை.

"யாருக்குப் பிறந்தநாள்?" என்றாள் கடைக்கார இங்கெலிஸ.

முப்பது விரல்கள் டோர்கிலைக் காட்டின.

"இவருக்கா? நவம்பர்லதானே பிறந்தநாளுன்னு வந்து ஆபீசுக்குக் கேக் வாங்கிட்டுப் போனீரு?"

பாவி! முப்பது முகங்களும் ஒரேயடியாக அவர் பக்கம் திரும்பின. டோர்கில் மூக்கை நிமிர்த்திக்கொண்டார்.

"இன்னைக்குத்தாம்மா. எனக்குத்தான்."

இங்கெலிஸ அவரைப் பார்த்தாள். கோட்டைப் பார்த்தாள். முகவாய் கல்லாமேசைக்கு மேலே எட்டாத ஒரு பொடியன் கையில் சீட்டோடு காத்திருந்ததையும் பார்த்தாள்.

"ஐயோ, நம்ம கதைக்காரரா! கண்ணாடி போடல, தெரியல. என்ன வயசு ஆச்சு உங்களுக்கு?"

"இருநூறு தாண்டிருச்சு."

"ஆமா," என்றாள் சில்யெ, சாட்சி சொல்வதுபோல.

இங்கெலிஸ இழுப்பறையை இழுத்து, கடையிலிருந்த மெழுகுவத்தி அத்தனையையும் கல்லாமேசைமேல் கொட்டினாள்.