பதிமூன்று பேரில் பன்னிரண்டு பேர்

1975 பிப்ரவரி 12, புதன்

ஒரு சிறு தவறு செய்திருக்கிறேன். மில்லில் எங்கள் நெசவுக் குழுவின் ஏட்டில், நவம்பர் ஆறாம் தேதிப் பக்கத்தில், "புரட்சி நாள் விளக்கு ஊர்வலத்தில் பதிமூன்று பேரில் பன்னிரண்டு பேர் கலந்துகொண்டோம். பிளாஜெனா பாஸ்டெரோவா வரவில்லை" என்று எழுதியிருக்கிறேன். "எல்லோரும்" என்று எழுதியிருக்க வேண்டும். மூன்று மாதம் கழித்து இன்றுதான் தெரிந்தது. நடந்ததை வரிசையாக எழுதிப் பார்க்கிறேன். வரிசை தப்பினால் என் பக்கத்து நியாயத்தை மட்டும் எழுதிவிடுவேனோ என்று பயமாக இருக்கிறது.

காலை ஷிப்ட். ஒன்பது மணி வாக்கில் என் ஆறாம் தறியில் பாவு இழை நான்கு அறுந்துவிட்டது. குனிந்து முடிந்துவிட்டு நிமிர்ந்தபோது எதிர் வரிசையில் பிளாஜெனா என்னையே பார்த்துக்கொண்டு நின்றார். எங்கள் தறிக்கூடத்தில் யாரும் கத்திப் பேசுவதில்லை. தறிச் சத்தத்தில் கத்தியும் பயனில்லை. உதட்டை அசைத்தால் போதும், எதிராளி படித்துக்கொள்வார்.

"இவெட்டாவோட மனுவ வேணாம்னு திருப்பிட்டாங்க" என்றது அவர் உதடு.

இவெட்டா அவருடைய ஒரே மகள். பதினாலு வயது. வகுப்பில் முதல். மருந்தாளர் ஆக வேண்டும் என்று ஆசை. அதற்கு முதலில் மேல்நிலைப் பள்ளியில் இடம் வேண்டும்.

இடைவேளையில் நீராவிக் குழாய்க்குப் பக்கத்தில் உட்கார்ந்தோம். பிளாஜெனா கொழுப்புத் தடவிய ரொட்டியைப் பிரித்து மடியில் வைத்துக்கொண்டார். சாப்பிடவில்லை.

"ஹெட்மாஸ்டர் நல்ல மனுஷன். மில்லுலேர்ந்து போன கடிதாசிய எனக்குப் படிச்சே காட்டினார்" என்றார். "'தாயார் பொதுவாழ்வில் பங்கெடுப்பதில்லை. நவம்பர் ஊர்வலத்துக்கு வரவில்லை. ஆதாரம், குழுவின் ஏடு.' பக்க நம்பர்கூடப் போட்டிருக்கு ரட்கா."

எனக்குக் காது சூடாகிவிட்டது. "உங்க தம்பி எல்லை தாண்டிக் கனடாவுக்கு ஓடிப் போனதும் ஒரு காரணமா இருக்கும்ல?" என்று கேட்டேன். கேட்டிருக்கக் கூடாது.

"அவன் போய் ஏழு வருஷமாச்சு. அந்தக் கறையோட எப்படியோ காலந்தள்ளிட்டுத்தான் இருந்தோம். புதுசா ஒண்ணு சிக்காதான்னு பாத்துட்டிருந்தாங்க. சிக்கிடுச்சு."

பக்கத்தில் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்த போஹுன்கா கத்தியை என் பக்கம் நீட்டினார். எங்கள் குழுவில் மூத்தவர் அவர்.

"ஏன் பொண்ணே, உன்னை யாரு தலைய எண்ணச் சொன்னது? நாடகத்துக்குப் பதிமூணு டிக்கெட் வாங்கினோம். எத்தன பேர் போனோம்?"

"நாலு பேர்."

"ஏட்டுல எத்தன டிக்கெட் ஒட்டின?"

"பதிமூணு."

"அப்ப மட்டும் கை நடுங்கலையாக்கும். வேலை முடிஞ்சு போற மாலை வகுப்புல கூட்டல் சொல்லித் தருவாங்கன்னு பாத்தா, இவ கழித்தல் கத்துக்கிட்டு வந்திருக்கா!"

யாரும் சிரிக்கவில்லை. பிளாஜெனாதான் கொஞ்சம் சிரித்தார். எனக்கு அதுதான் தாங்கவில்லை.

அன்றைக்கு அவர் ஏன் வரவில்லை என்பது குழுவில் எல்லோருக்கும் தெரியும். நாலு மணிக்கு எல்லா இயந்திரத்தையும் நிறுத்திவிட்டு எல்லோரும் ஊர்வலத்துக்குப் போக வேண்டும் என்பது உத்தரவு. ஆனால் அந்த ஆண்டுக் கணக்கில் நாங்கள் நெய்த துணி சில மீட்டர் குறைந்திருந்தது. குறைந்தால் 'சோஷலிச உழைப்புக் குழு' பட்டம் கிடைக்காது. மேஸ்திரி வோந்த்ரா பிளாஜெனாவைத் தனியாக அழைத்து, இரண்டு மணி நேரம் இருந்துவிட்டுப் போகச் சொன்னார். நாங்கள் சதுக்கத்தில் காகித விளக்கைப் பிடித்துக்கொண்டு நின்றபோது, அவர் கதவைச் சாத்திக்கொண்டு ஒற்றை ஆளாகப் பதினாறு தறியை ஓட்டினார். அவர் நெய்த துணி எங்கள் பதிமூன்று பேர் பெயரிலும் ஏறியது. டிசம்பரில் பட்டம் வந்தது.

மறுநாள் எழுத உட்கார்ந்தபோது மேஸ்திரி என் பின்னால் வந்து நின்றார். "தறி ஓடினதப் பத்தி ஒரு வார்த்தை வரக் கூடாது" என்றார். பிளாஜெனா ஊர்வலத்தில் நடந்தார் என்று பொய் எழுத எனக்கு மனம் வரவில்லை. மிச்சம் இருந்த உண்மை அவர் வரவில்லை என்பதுதான். அதை எழுதினேன். எழுத்து அழகாக இருப்பதாக மேஸ்திரி சொன்னார்.

ஷிப்ட் முடிந்ததும், பள்ளிக்கு அந்தக் கடிதத்தை அனுப்பிய ஆள்விவரப் பிரிவுக்குப் போனேன். ஏடு அங்கேதான் இருக்கிறது. பக்கங்களுக்கு எண் போட்டு, நூல் கோத்து, முத்திரை வைத்திருக்கிறார்கள். ஒன்றைக் கிழித்தால் தெரியும். பிரிவுப் பொறுப்பாளர் தோழர் மாலினோவா ஜன்னலோரத் தொட்டிச் செடிக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தார்.

"வா ரட்கா, உக்காரு. வகுப்பெல்லாம் எப்படிப் போகுது?"

"நல்லாப் போகுது தோழர். பாஸ்டெரோவா விஷயமா வந்தேன். அன்னிக்கு அவங்க வேலைதான் பாத்துட்டிருந்தாங்க. மேஸ்திரிதான் இருக்கச் சொன்னார்."

அவர் தண்ணீர்க் குவளையைக் கீழே வைத்தார். மேஜை இழுப்பறையிலிருந்து ஒரு வெள்ளைத்தாளை எடுத்து என் முன்னால் நேராக வைத்து, மேலே ஒரு பேனாவையும் வைத்தார்.

"எழுதிக் குடு. உத்தரவ மீறி மெஷின் ஓடுச்சுன்னு எழுது. மேஸ்திரி சொல்லி ஓடுச்சு, அந்த மீட்டரக் காட்டித்தான் பட்டம் வாங்கினோம், பதிமூணு பேருக்கும் தெரியும், எல்லாத்தையும் எழுது. கீழ கையெழுத்துப் போடு."

"எழுதினா அந்தக் கடிதாசிய மாத்துவீங்களா?"

"அதுல என்ன தப்பு இருக்கு மாத்தறதுக்கு? அவங்க ஊர்வலத்துக்கு வந்தாங்களா?"

"வரல."

"அப்புறம்?"

அவர் மறுபடி குவளையை எடுத்துக்கொண்டார். "வகுப்புல இன்னும் ரெண்டு வருஷம் இருக்கில்ல? வருஷா வருஷம் மில்லு சிபாரிசு வேணும் உனக்கு" என்றார். மிரட்டுகிற குரல் இல்லை. நினைவூட்டுகிற குரல்.

நான் பேனாவைத் தொட்டேனா இல்லையா என்று இப்போது உறுதியாகச் சொல்ல முடியவில்லை. எழுதவில்லை. அது நிச்சயம்.

உடை மாற்றும் அறையில் பிளாஜெனா மட்டும் இருந்தார். தலைத்துணியை உதறிப் பஞ்சைத் தட்டிக்கொண்டிருந்தார். நான் எங்கே போய் வருகிறேன் என்பது அவருக்கு எப்படியோ தெரிந்திருந்தது.

"எழுதினியா?"

"இல்ல."

"நல்லதாப் போச்சு."

"நாளைக்குப் போய் எழுதறேன் பிளாஜெனா. நீங்க சொன்னா எழுதறேன்."

"எழுதி? பட்டம் போகும். வோந்த்ரா போவார். பன்னெண்டு பொம்பளைங்க என் முகத்துல முழிக்க மாட்டாங்க. உன் படிப்பும் நிக்கும். இவெட்டாவுக்கு மட்டும் இடம் கிடைச்சுடுமா?" தலைத்துணியை நாலாக மடித்துப் பையில் வைத்தார். "பதினஞ்சாம் தேதிக்குள்ள ஏதாவது ஒரு தொழிலுக்கு அவ பேரக் குடுக்கணும். இல்லேன்னா அவங்களே எங்கயோ பண்ணைக்கு அனுப்பிடுவாங்க. மத்தியானம் போய் இங்கயே கையெழுத்துப் போட்டுட்டேன். நெசவுப் பயிற்சி. என் கண் முன்னாலயாவது இருப்பா."

"அவளுக்குத் தெரியுமா?"

"இப்பத்தான் சொல்லப் போறேன். வாசல்ல நிக்கிறா."

சேர்ந்தே இறங்கினோம். பள்ளிப் பையைக் காலுக்கு நடுவில் இடுக்கிக்கொண்டு, குளிருக்குக் கையுறையைக் கடித்தபடி இவெட்டா நின்றாள். அவளிடம் பேச்சுக் கொடுத்துக்கொண்டிருந்தவர் மேஸ்திரி வோந்த்ரா. நாங்கள் நெருங்குவதற்குள் அவர் அவளுடைய ஒரு கையுறையைக் கழற்றி, விரல்களை விரித்துப் பார்த்தார்.

"நீள விரல்! இப்படி ஒரு கை நம்ம கூடத்துல யாருக்கும் இல்ல" என்றார். அவர் உண்மையாகவே சந்தோஷப்பட்டார் என்றுதான் நினைக்கிறேன். "வா கண்ணு, செப்டம்பர்ல என்கிட்டயே வந்துடு."

இவெட்டா கையை இழுத்துக்கொள்ளவில்லை. அம்மாவைப் பார்த்தாள். பிளாஜெனாவின் உதடு மட்டும் அசைந்தது. கூடத்தில் பேசுகிற மாதிரி, சத்தமே இல்லாமல். பெண்ணுக்கு அதைப் படிக்கத் தெரியாது. திரும்பி என்னைப் பார்த்தாள்.

எனக்குப் படிக்கத் தெரியும்: 'கையெழுத்துப் போட்டுட்டேன்.' நான் சொல்லவில்லை.

நாளை: பயிற்சிக்குப் பேர் கொடுத்த பெண்கள் மதியம் கூடத்தைப் பார்க்க வருகிறார்கள். இவெட்டாவைச் சுற்றிக் காட்டும் வேலையை மேஸ்திரி எனக்குக் கொடுத்திருக்கிறார். காலை ஆறு மணிக்கு முன் ஸ்டோருக்குப் போய் அவளுக்கு ஒரு நீல மேலங்கி வாங்கி வைக்க வேண்டும். ஆகச் சிறிய அளவு இருக்கிறதா என்று முதலில் கேட்க வேண்டும்.